பெருமாளுக்கு எத்தனை தம்பி

சென்ற மாதம், இளம் வக்கீல்களான உங்களில் ஒருவர் என்னைப் பார்க்க வீட்டுக்கு வந்திருந்தார். பாகப்பிரிவினை வழக்கு ஒன்று, மறுநாள் விசாரணை. "சாட்சிகள் எல்லாரும் தயார், ஐயா. ஒருவர் சொல்வதை இன்னொருவர் அப்படியே சொல்கிறார். எந்த முரண்பாடும் இல்லை" என்றார். அவர் முகத்தில் அவ்வளவு நிம்மதி. எனக்கு அந்த நிம்மதிதான் கவலை தந்தது. அன்று அவருக்கு அவசரம், பேச நேரமில்லை. சொல்ல நினைத்ததை உங்கள் எல்லாருக்குமாகச் சேர்த்து இப்போது எழுதுகிறேன்.

பதிவகத்தில் பிறப்பையும் இறப்பையும் தேடுவது எப்படி, மனுவை எப்படி வரைவது என்பதெல்லாம் உங்கள் அலுவலகங்களில் சொல்லிக்கொடுப்பார்கள். நான் சொல்ல வருவது அந்தத் தேடல் முடிந்துபோகும் இடத்திலிருந்து. நம் தீவில் அந்த இடம் சீக்கிரமே வந்துவிடும். கப்பலிலிருந்து இறங்கியவர் தன் பெயரைச் சொன்னார். எழுதியவர் தன் காதில் விழுந்ததை எழுதினார். பிறகு பிள்ளைகள் பிறந்தபோது ஒவ்வொரு முறையும் வேறு ஆள் எழுதினார். ஒரே தகப்பனின் பிள்ளைகள் மூன்று குடும்பப் பெயர்களோடு வளர்ந்தார்கள். அதனால் இன்னாருக்கு இன்னார் உறவு என்று காட்டக் கடைசியில் மனிதர்களைத்தான் கூப்பிட வேண்டும். அந்த மனிதர்களோ பங்காளிகள். சொல்லையே பாருங்கள். உறவுக்கும் அந்தச் சொல்தான், சண்டைக்கும் அந்தச் சொல்தான்.

நம் தீவின் சுதந்திரத்துக்குச் சில ஆண்டுகள் முன்பு, தலைநகர் போர்ட் லூயியில் நான் தனியாக அலுவலகம் வைத்திருந்தேன். ஒரு நாள் காலை பாம்பூவிலிருந்து கணவனும் மனைவியும் வந்தார்கள். கணவன் பெர்னார், கொத்தனார். மனைவி பிலோமேன், வீட்டிலேயே துணி தைப்பவள். இருவரும் கத்தோலிக்கர்கள்; இருவர் வீட்டிலும் முன்னோர் தமிழர்கள். எங்களுக்குள் பேச்சு நம் தீவின் பேச்சு மொழியான கிரியோலில்தான். இங்கே நான் எழுதும் உரையாடல் எல்லாம் அந்தப் பேச்சின் தமிழ். உண்மையிலேயே தமிழில் சொல்லப்பட்ட சொற்கள் சில உண்டு. அவை வரும்போது குறிப்பிடுகிறேன்.

"மெத்" என்று தொடங்கினார் பெர்னார். நம் ஊரில் வக்கீலை அப்படித்தானே அழைப்பார்கள். "பாம்ப்ளமூஸ்ல நடேசன்னு ஒருத்தர் செத்துப்போனார். கரும்பு நிலம் நிறைய. பிள்ளை இல்ல. பெண்டாட்டியும் முன்னாடியே போயிட்டாங்க. அவர் இவளுக்குப் பெரியப்பா."

விவரம் இதுதான். நடேசனுக்குப் பெருமாள் என்று ஓர் அண்ணன். அவரும் இறந்துவிட்டார். பெருமாளுக்கு இரண்டு மகன்கள்: மூத்தவர் கோவிந்தன், நடேசனோடு சேர்ந்து அந்த நிலத்தில் பயிர் செய்தவர், இளையவர் மாணிக்கம், பீனிக்ஸில் ஒரு லாரிப் பட்டறையில் மெக்கானிக். நிலம் முழுவதும் தங்களுக்கே என்று இவர்கள் இருவரும் எடுத்துக்கொண்டார்கள். பெர்னார் சொல்வது என்னவென்றால், பெருமாளுக்குத் தம்பி ஒருவர் அல்ல, இருவர். கடைக்குட்டியின் பெயர் கதிரேசன். கரும்புத் தோட்டங்களில் கலவரம் நடந்த ஆண்டுகளில் பெருமாள் சிறு விவசாயிகள் பக்கம் நின்றார். கதிரேசன் ஒரு பெரிய தோட்டத்தில் காவல் வேலையில் இருந்தார். தோட்டத்துப் பக்கமிருந்து விவசாயிகள் மேல் துப்பாக்கி வெடித்த நாளுக்குப் பிறகு அண்ணன் தம்பியைத் தலைமுழுகினார். கதிரேசன் தீவின் மேற்கே பாம்பூவுக்குப் போய், ஞானஸ்நானம் வாங்கி, ஜோசப் ஆனார். அவருடைய ஒரே மகள் பிலோமேன். அப்படியானால் நிலத்தில் பாதி இவளுக்கு.

பதிவகத்தில் கதிரேசன் என்ற பெயரில் ஒரு பிறப்பு இருந்தது. ஆனால் தகப்பன் பெயர் வேறு மாதிரி எழுதப்பட்டிருந்தது. பாம்பூவில் ஜோசப்பின் திருமணப் பதிவில் தகப்பன் பெயரே இல்லை. அந்தக் கதிரேசன்தான் இந்த ஜோசப் என்றும், அந்தத் தகப்பன்தான் பெருமாளின் தகப்பன் என்றும் காட்ட வேண்டும். எதிர்த் தரப்பு சொன்னது ஒரே வாக்கியம்: "பெருமாளுக்கு ஒரு தம்பிதான்."

அந்த முதல் சந்திப்பில் பெர்னார்தான் பேசினார். பிலோமேன் கைப்பையின் பிடியைத் திருகிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கேட்டதற்கு மட்டும் பதில். சொந்தப் பெரியப்பாவின் சொத்து, பேசுவதோ கணவர். எனக்குச் சந்தேகம் அங்கேயே தொடங்கியது. இந்த ஆள் எங்கேயோ ஒரு கதையைக் கேட்டு, மனைவிக்கு ஒரு பெரியப்பாவை உண்டாக்குகிறாரோ என்று நினைத்தேன்.

"உங்கள் அப்பா இந்தக் குடும்பத்தைப் பற்றி உங்களிடம் எப்போது சொன்னார்?" என்று அவளிடம் நேராகக் கேட்டேன்.

"சாகறதுக்குக் கொஞ்ச காலம் முன்னாடி."

"அதுவரைக்கும் ஒன்றும் தெரியாதா?"

ஒரு கணம் தயங்கினாள். "தெரியாது" என்றாள்.

அந்தத் தயக்கத்தை நான் மனத்தில் முடிந்துவைத்துக்கொண்டேன்.

அடுத்த முறை பெர்னார் இரண்டு கிழவர்களை அழைத்து வந்தார். பாம்ப்ளமூஸில் சிறு வயதில் மூன்று சகோதரர்களையும் பார்த்தவர்கள் என்றார். ஒருவரை வெளியே உட்காரவைத்துவிட்டு மற்றவரோடு பேசினேன். "மூத்தவன் முன்னால நடப்பான், நடுவுள்ளவன் நடுவுல, சின்னவன் பின்னால. மூணு பேர் தலையிலயும் புல்லுக்கட்டு" என்றார். அழகான காட்சி. இரண்டாமவரைக் கூப்பிட்டேன். அவரும் முன்னால், நடுவில், பின்னால் என்றார். மூன்று தலையிலும் புல்லுக்கட்டு. எந்த மாட்டுக்குப் புல் என்று கேட்டேன். இருவருக்கும் மாடு தெரியவில்லை. அவர்கள் வீடு இருந்த தெருவிலிருந்து கோயிலுக்கு எப்படிப் போவது என்று கேட்டேன். ஒருவர் ஆற்றைத் தாண்ட வேண்டும் என்றார், மற்றவர் இருமினார். அந்த ஊரில் நான் பலமுறை நடந்திருக்கிறேன். அந்தத் தெருவுக்கும் கோயிலுக்கும் நடுவில் ஆறே இல்லை.

நீதிமன்றப் படிகளைச் சுற்றிக் காசுக்குச் சாட்சி சொல்பவர்கள் அந்தக் காலத்தில் இருந்தார்கள். இன்றைக்கும் வேறு உடையில் இருப்பார்கள். ஒன்றை மட்டும் நினைவில் வையுங்கள். உண்மையைப் பார்த்தவர்கள் ஒரே மாதிரி சொல்ல மாட்டார்கள். ஒருவருக்கு நாய் ஞாபகமிருக்கும், இன்னொருவருக்கு வாங்கிய அடி ஞாபகமிருக்கும். வார்த்தைக்கு வார்த்தை ஒத்துப்போனால் அந்த வார்த்தைகளுக்குத் தகப்பன் ஒருவன்தான்.

கிழவர்களை அனுப்பிவிட்டு, பெர்னாரிடம் இவர்களைக் கூண்டில் ஏற்ற மாட்டேன் என்றேன்.

"ஏன், மெத்?"

"பொய் சொல்கிறார்கள்."

அவர் கோபப்படவில்லை. பொறுமையாக விளக்கினார், எனக்குத்தான் புரியவில்லை என்பது போல. "மெத், இவள் அப்பா நிஜமாவே பெருமாளோட தம்பி. அதைப் பார்த்த ஆளுங்க எல்லாம் செத்துட்டாங்க. உண்மைக்காகத்தானே இவங்க பொய் சொல்றாங்க?"

இதே வாக்கியத்தை நீங்கள் உங்கள் கட்சிக்காரர்கள் வாயிலிருந்து ஒரு நாள் கேட்பீர்கள். அப்போது பதில் தயாராக இருக்கட்டும். நான் சொன்னது இது: "எதிர்த் தரப்பு வக்கீல் இந்த இரண்டு பேரையும் உடைத்த அன்றைக்கு, உன் மனைவியின் அப்பாவும் அவர்களோடு சேர்ந்து பொய்யாகிவிடுவார். அதற்குப் பிறகு வானத்திலிருந்து சாட்சி வந்தாலும் நீதிபதி நிமிர்ந்து பார்க்க மாட்டார்."

பெர்னார் எழுந்துவிட்டார். வேறு வக்கீலைப் பார்க்கப் போகிறார் என்றே நினைத்தேன். அப்போது பிலோமேன் முதல்முறையாகத் தானாக வாய் திறந்தாள். "மெத் சொல்றபடியே இருக்கட்டும்" என்றாள். அந்தக் குரலில் ஒரு விடுதலை இருந்தது. சாட்சிகள் போனதில் அவளுக்கு வருத்தமில்லை. வழக்கே போய்விட்டால் நல்லது என்று நினைக்கிறாளோ என்று இன்னொரு சந்தேகம் எனக்கு முளைத்தது.

சில வாரங்கள் கழித்து எதிர்த் தரப்பு வக்கீல், பேசித் தீர்க்கலாம் என்று எங்களை அவருடைய அலுவலகத்துக்குக் கூப்பிட்டார். வக்கீலுக்குத் தேவையானது சட்டப் புத்தகத்தில் பாதிதான் இருக்கிறது. மீதி, ஓர் அறைக்குள் யார் யாரைப் பார்க்கிறார்கள் என்பதில் இருக்கிறது. கோவிந்தன் மேசைக்கு எதிரில் உட்கார்ந்து, பிலோமேன் நுழைந்ததிலிருந்து வைத்த கண் வாங்காமல் அவளைப் பார்த்தார். வெயிலில் கறுத்த, அகன்ற கைகள். நிலத்தைப் பறிக்க வந்தவளை ஒரு விவசாயி பார்க்கும் பார்வை. அதில் எனக்கு வியப்பில்லை. தம்பி மாணிக்கம் அவள் வந்ததும் எழுந்தார், ஜன்னல் பக்கம் போனார், பேச்சு முடியும்வரை எங்களுக்கு முதுகைக் காட்டித் தெருவையே பார்த்துக்கொண்டு நின்றார். பிலோமேன் அந்த ஜன்னல் இருந்த திசையை மட்டும் பார்க்கவேயில்லை. முன்பின் தெரியாத இரண்டு பேர் அப்படி ஒருவரையொருவர் பார்க்காமல் இருக்க மாட்டார்கள்.

எதிர்த் தரப்பு வக்கீல் சொன்னார்: சாலையை ஒட்டி ஒரு துண்டு நிலம் கொடுக்கிறோம், உரிமை எதையும் ஒப்புக்கொள்ளாமல், நல்லெண்ணத்தின் பேரில். வழக்கை வாபஸ் வாங்க வேண்டும்.

எங்கள் கையில் சாட்சி இல்லை. அது அவருக்கும் தெரியும். பலவீனமான எதிரிக்கு யாராவது நிலம் கொடுப்பார்களா? கோவிந்தன் எதற்கோ பயப்படுகிறார் என்று எனக்குத் தோன்றியது. பெர்னாருக்கு அந்தத் துண்டு போதவில்லை. பேச்சு முறிந்தது.

அதற்கு அடுத்த வாரம் நான் தீவின் நடுவே மேட்டு ஊர்கள் பக்கம் ஒரு வேலையாகப் போனேன். பீனிக்ஸில் மழை பிடித்துக்கொண்டது. காரை ஓரமாக நிறுத்தினேன். எதிரே ஒரு கடைத் தாழ்வாரத்தின் கீழே பிலோமேன் நின்றுகொண்டிருந்தாள். பக்கத்தில், கொஞ்சம் தள்ளி, மாணிக்கம். பட்டறை உடையில், கையில் எண்ணெய்த் துணி. அவள் பேசிக்கொண்டிருந்தாள். அவர் அந்தத் துணியால் விரல்களை ஒவ்வொன்றாகத் துடைத்துக்கொண்டே இருந்தார். கடைசியில் அவள் நனைந்துகொண்டே பஸ்ஸுக்கு நடந்தாள்.

நான் காருக்குள்ளேயே உட்கார்ந்திருந்தேன். என் கட்சிக்காரி எனக்குத் தெரியாமல் எதிரியோடு பேசுகிறாள். தம்பியை வளைத்து அண்ணனைக் கவிழ்க்க ஏதோ ஏற்பாடா? அல்லது தம்பி இவளை வளைத்து எங்களைக் கவிழ்க்கிறாரா? வழக்கையே விட்டுவிடலாமா என்றுகூட யோசித்தேன். ஆனால் கண்ணால் கண்டதும் பொய் என்று நம்மவர்கள் சும்மா சொல்லவில்லை. அவளைத் தனியாக வரச் சொன்னேன்.

வந்தாள். நான் கதவைச் சாத்திவிட்டு, பீனிக்ஸில் பார்த்ததைச் சொன்னேன். "எனக்கு எல்லாம் தெரிய வேண்டும். இல்லையென்றால் வேறு வக்கீலைப் பாருங்கள்."

அவள் அழவில்லை. தைக்கும்போது நூலைப் பல்லால் கடித்து அறுப்பார்களே, அப்படி உதட்டைக் கடித்தாள். பிறகு சொன்னாள்.

அவளுக்குக் கல்யாணமாகாத காலத்தில் மாணிக்கம் பாம்பூவில் ஒரு தோட்டத்து லாரிகளைப் பழுதுபார்க்க வந்துபோனார். பழக்கமானார்கள். அவர் இந்து, இவள் கத்தோலிக்கர் என்பது இருவருக்கும் தெரியும். குடும்பப் பெயர்கள் வேறு. உறவு என்று யாருக்கும் கனவிலும் தோன்றவில்லை. மாணிக்கம் தன் அப்பாவிடம் சொன்னார். பெருமாள் முகம் சுளித்தாராம், ஆனால் மறுக்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை மகனை அழைத்துக்கொண்டு பெண் பார்க்க வந்தார்.

"அப்பாதான் கதவைத் திறந்தார்" என்றாள் பிலோமேன். "வந்தவர் அப்படியே நின்னுட்டார். அப்பா 'அண்ணே'ன்னார். எங்கப்பா வாயிலிருந்து தமிழ் வந்து அதுக்கு முன்னாடி நான் கேட்டதில்ல. எனக்கு என்னமோ போல ஆயிடுச்சு. அவர் உள்ள வரல. என்னை ஒரு தரம் பார்த்தார். திரும்பி நடந்தார்."

"மாணிக்கம்?"

"வாசல்ல நின்னுட்டிருந்தார். அவர்கிட்ட அவங்கப்பா ஏதோ சொன்னார். மறுநாள் வந்து என்கிட்ட அதைச் சொல்லிட்டுப் போனார். அதுக்கப்புறம் வரல."

"என்ன சொன்னார்?"

அவள் அந்த ஒரு சொல்லைத் தமிழிலேயே சொன்னாள். "தங்கச்சி."

நான் தேடிக்கொண்டிருந்த சாட்சியம் இத்தனை நாளாக என் எதிரிலேயே கைப்பையைத் திருகிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது.

"பீனிக்ஸுக்கு எதற்குப் போனீர்கள்?"

"அதை எங்கயும் சொல்லாதீங்கன்னு கேட்கத்தான். பெர்னாருக்குத் தெரியாது. மாணிக்கத்துக்கும் இப்ப பெண்டாட்டி, பிள்ளைங்க."

"அவர் என்ன சொன்னார்?"

"கையைத் துடைச்சிட்டே இருந்தார்."

இந்த இடத்தில் நிதானமாக இருங்கள். கட்சிக்காரர் வாயிலிருந்து வைரம் விழும்போது உடனே எடுத்து விரலில் போட்டுக்கொள்ளக் கூடாது. அது வைரம்தானா என்று முதலில் பார்க்க வேண்டும். அவள் அப்பா 'அண்ணே' என்றதைக் கேட்டது அவள் காது. வழக்கும் அவள் வழக்கு. அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. ஆனால் பெருமாள் தன் மகனிடம் சொன்ன சொல் வேறு. வழக்கு முளைப்பதற்குப் பல ஆண்டுகள் முன்னால், நிலத்தைப் பற்றிய நினைப்பே இல்லாதபோது, தன் மகனின் ஆசையை முறித்துச் சொன்ன சொல். குடும்பத்துப் பெரியவர் சொன்னதில் எதை நம்புவது என்று யாராவது கேட்டால், சண்டைக்கு முன்னால் சொன்னதை நம்பு என்பேன்.

அதிலும் ஓர் ஓட்டை இருந்தது. கத்தோலிக்க மருமகள் வேண்டாம் என்று நினைத்த கிழவர், சுலபமாகக் கழற்றிவிட அந்தச் சொல்லைப் பயன்படுத்தியிருந்தால்? எதிர்த் தரப்பு வக்கீல் கெட்டிக்காரர். அந்த ஓட்டை அவர் கண்ணில் படாமல் இருக்காது.

பிலோமேனிடம் மறைக்காமல் சொன்னேன். "எதிர்த் தரப்பில் இருப்பவரையே சத்தியத்தின் பேரில் கூண்டில் ஏற்றிக் கேட்க எனக்கு உரிமை இருக்கிறது. மாணிக்கத்தை ஏற்றுவேன். ஒரே ஒரு கேள்வி கேட்பேன். பெண் பார்க்க வந்த கதை என் வாயிலிருந்து வராது. ஆனால் அவர்கள் வக்கீல் அதைத் தோண்டி எடுத்தால் என்னால் தடுக்க முடியாது. அவர் பொய் சொல்லிவிட்டால் நாம் தோற்போம். உண்மையைச் சொன்னால் உங்கள் வீட்டுக்கு அது எட்டும். முடிவு உங்களுடையது. கேட்கட்டுமா, வேண்டாமா?"

"அவர் பொய் சொல்லுவார்னு நினைக்கிறீங்களா, மெத்?"

"தெரியாது."

"எனக்கும் தெரியல" என்றாள். பிறகு, "எங்கப்பா அவங்கப்பாவுக்குத் தம்பி இல்லேன்னு அவங்க எழுதிக் கொடுத்திருக்காங்க. அது பொய். கேளுங்க" என்றாள்.

பெர்னாரிடம் முன்கூட்டியே நீங்களே சொல்லிவிடுங்கள் என்றேன். சரி என்று தலையாட்டினாள். சொல்லவில்லை என்பது விசாரணை நாளன்று பெர்னாரின் உற்சாகத்தைப் பார்த்தபோதே தெரிந்துவிட்டது. சிரித்த முகமாக முன் வரிசையில் உட்கார்ந்திருந்தார். மறுபக்கம் கோவிந்தன், அவர் மனைவி மார்த், தலையில் கறுப்புத் தொப்பியோடு. மாணிக்கம் தனியாகக் கடைசி பெஞ்சில்.

நான் மாணிக்கத்தைக் கூப்பிட்டபோது கோவிந்தன் சட்டென்று திரும்பித் தம்பியைப் பார்த்தார். என் சந்தேகம் உறுதியானது. அண்ணனுக்கும் அந்த ஞாயிற்றுக்கிழமைக் கதை தெரியும்.

சத்தியம் செய்துவைத்தார்கள். நான் பிலோமேனைக் காட்டிக் கேட்டேன். "இவர் உங்களுக்கு என்ன முறை?"

'முறை' என்பதை மட்டும் தமிழில் சொன்னேன். அந்தச் சொல்லுக்குக் கிரியோலில் சொல் கிடையாது. அவருக்குப் புரிந்தது. கூண்டின் மரத்தில் கை வைத்தார். நகக்கண்ணில் எண்ணெய்க் கறை. நான் இன்னொரு கேள்வி கேட்டிருக்கலாம், வற்புறுத்தியிருக்கலாம். எதிர்த் தரப்பு வக்கீல் ஆட்சேபிக்க எழுந்தார். நீதிபதி கையமர்த்தினார். அந்த மௌனத்தை நான் உடைக்கவில்லை. இளம் வக்கீல்களுக்கு மிகக் கடினமான வேலை அதுதான்: கேட்டுவிட்டு வாயை மூடிக்கொள்வது.

"தங்கச்சி" என்றார் மாணிக்கம், தமிழில்.

நீதிபதிக்குத் தமிழ் தெரியாது. "அப்படியென்றால்?"

"கிரியோல்ல 'கூசின்', ஐயா. எங்க வீட்டுல தங்கச்சி. அப்பாவுக்குத் தம்பி மகள்."

நான் உட்கார்ந்துவிட்டேன்.

எதிர்த் தரப்பு வக்கீல் முகம் சிவந்து எழுந்தார். அவருடைய சொந்தக் கட்சிக்காரரே அவரைக் கைவிட்டுவிட்டார். "இதை யார் சொன்னது?"

"எங்கப்பா."

"எப்போது? எதற்காக?"

அந்தக் கேள்வியை அவர் கேட்காமல் இருந்திருந்தால்! நான் பிலோமேனைப் பார்க்கவில்லை. பெர்னாரைப் பார்த்தேன்.

மாணிக்கம் நீதிபதியைப் பார்த்தே சொன்னார். "பாம்பூவுக்குப் பெண் பார்க்கப் போயிருந்தோம். எனக்கு. அவங்கப்பா கதவைத் திறந்தார். எங்கப்பா திரும்பி வந்து, இவன் என் தம்பி, அந்தப் பொண்ணு உனக்குத் தங்கச்சி, மறந்துடுன்னார். நான் மறந்துட்டேன்."

பெர்னாரின் முகத்திலிருந்து சிரிப்பு மெதுவாக இறங்கியது. அவர் மனைவியின் பக்கம் திரும்பவில்லை. தன் முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

நான் பயந்தபடியே எதிர்த் தரப்பு வக்கீல் ஓட்டையைக் கண்டுபிடித்தார். கிட்டத்தட்ட மகிழ்ச்சியோடு கேட்டார்: "உங்கள் அப்பா தீவிர இந்து. கத்தோலிக்கப் பெண்ணை மருமகளாக்க விருப்பமில்லை. அதனால் உங்களைத் தடுக்க அவர் சொன்ன ஒரு சாக்குதான் அது, இல்லையா?"

மாணிக்கம் அவரை ஏதோ வினோதப் பிராணியைப் பார்ப்பது போலப் பார்த்தார். பிறகு கையை நீட்டி, கறுப்புத் தொப்பியோடு உட்கார்ந்திருந்த மார்த்தைக் காட்டினார்.

"எங்க அண்ணி அங்க உட்கார்ந்திருக்காங்க, ஐயா. அவங்க கத்தோலிக்கர். எங்கப்பாதான் மாதா கோயிலுக்குக் கூட்டிட்டுப் போய்க் கல்யாணம் பண்ணி வச்சார். அத்தை மகளா இருந்திருந்தா, எந்தக் கோயிலானாலும் எனக்கும் பண்ணி வச்சிருப்பார்."

நீதிபதிக்கு அந்தக் கடைசி வாக்கியம் விளங்கவில்லை. அப்பாவின் தங்கை மகளைக் கட்டலாம், தம்பி மகளைக் கட்டக் கூடாது என்றால், இருவருமே கூசின்கள்தானே என்று கேட்டார். நான் எழுந்து எங்கள் வழக்கத்தை விளக்கினேன். அவர் பேனாவை வைத்துவிட்டு ஆர்வமாகக் கேட்டார். அந்த ஆர்வத்தைப் பார்த்ததும் தீர்ப்பு எந்தப் பக்கம் சாயும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

சில மாதங்களில் அப்படியே வந்தது. பெருமாளுக்கு இரண்டு தம்பிகள். நிலம் இரண்டு பாகம்.

ஜெயித்த கதையாக நீங்கள் இதை வைத்துக்கொள்ள வேண்டாம். தீர்ப்பு வந்த அன்று கோவிந்தன் நடைவழியில் என்னிடம் வந்தார். திட்டப்போகிறார் என்று நினைத்தேன். "நடேசன் சித்தப்பா படுக்கையில கிடந்தப்போ நான்தான் பார்த்தேன். அந்தக் கரும்பு என் கையால நட்டது. தெரிஞ்சேதான் இல்லேன்னு சொன்னேன், மெத். நீங்களா இருந்தா என்ன செய்வீங்க?" என்றார். அவர் பிறகு வெகுகாலம் தம்பியோடு பேசவில்லை என்று கேள்விப்பட்டேன். மார்த் மட்டும் ரகசியமாகப் பீனிக்ஸுக்குப் போய்வந்துகொண்டிருந்தாராம்.

பெர்னாரோ விசாரணைக்குப் பிறகு என் அலுவலகப் பக்கமே வரவில்லை. பிலோமேன் மட்டும் வருவாள், கையெழுத்துப் போடுவாள், போவாள். வீட்டில் எப்படி இருக்கிறது என்று ஒருமுறை கேட்டேன். "சாப்பிடறார், வேலைக்குப் போறார்" என்றாள். எதற்காக அந்த ஆள் அவ்வளவு உடனே ஒப்புக்கொண்டார், இத்தனை வருஷம் நீங்கள் சந்திக்கவேயில்லையா என்று பெர்னார் கேட்டிருக்கிறார். ஒரே ஒரு முறைதான் கேட்டாராம். அந்தக் கேள்வியை அதன்பிறகு வீட்டில் தினமும் கண்ணால் கேட்கிறாராம். நான் பீனிக்ஸ் மழையில் பார்த்ததை அவளும் என்னிடம் திரும்பப் பேசவில்லை, நானும் பேசவில்லை. எனக்கே முழுச் சந்தேகம் தீர்ந்ததா என்றால், இன்றுவரை சொல்லத் தெரியாது. வழக்குக்கு வேண்டிய அளவு தீர்ந்தது. ஒரு வக்கீலுக்கு அதற்கு மேல் உரிமை இல்லை.

பாகப் பத்திரத்தில் கையெழுத்திட எல்லாரும் நோட்டரி அலுவலகத்துக்கு வர வேண்டியிருந்தது. கோவிந்தனும் மார்த்தும் ஒரு மூலையில். பிலோமேனோடு பெர்னாரும் வந்திருந்தார், ஞாயிற்றுக்கிழமைக் கோட்டுப் போட்டுக்கொண்டு. நான் அவர்களோடு நீளப் பெஞ்சில் உட்கார்ந்தேன். கடைசியாக மாணிக்கம் தலையில் தொப்பியோடு நுழைந்தார். அண்ணன் பக்கம் இடமிருந்தது. அண்ணன் தலையைத் திருப்பிக்கொண்டார். எங்கள் பக்கம் பெர்னாருக்கு அடுத்து ஓர் இடம் காலியாக இருந்தது. மாணிக்கம் அதைப் பார்த்தார், பெர்னாரைப் பார்த்தார், கதவோரமாகவே நின்றுவிட்டார். நோட்டரி கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார். பிலோமேன் கைப்பையின் பிடியைத் திருகினாள்.

பெர்னாருக்குத் தமிழில் ஐந்தாறு சொற்களுக்கு மேல் தெரியாது. எல்லாம் அவர் வீட்டில் மிஞ்சிய உறவுச் சொற்கள். அவர் நிமிர்ந்து, மாணிக்கத்தின் கண்ணை நேராகப் பார்த்தார். மனைவியின் அண்ணனைக் கூப்பிடும் சொல்லைத் தேடி எடுத்தார். அறையில் இருந்த ஒவ்வொருவர் காதிலும் விழும்படி சொன்னார்.

"மச்சான், இங்க வந்து உட்காருங்க."

அது வரவேற்பா, வேலியா என்று அப்போது எனக்குப் புரியவில்லை. இரண்டும்தான் என்று இப்போது நினைக்கிறேன். மாணிக்கம் தொப்பியைக் கழற்றினார். வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தார்.